சித்தி வீட்டுச் சுவரும் தேரிக்காட்டுப் புழுதியும்

வாசகர் கடிதம்:

"அண்ணாச்சி, எனக்கு ஊர் வீரவநல்லூர். சிவில் டிப்ளமோ முடித்துவிட்டுச் சேரன்மகாதேவியில் பெயின்ட் கடை ஒன்றில் வேலை பார்க்கிறேன். நன்றாக வரைவேன். கூடப் படித்த நண்பர்கள் ஐந்து பேர் சொந்தப் பணத்தைப் போட்டு ஒரு படம் எடுக்கிறார்கள். 1994-இல், திசையன்விளைப் பக்கம் தேரி என்கிற செம்மணல் காட்டின் ஓரத்து ஊரில், பனையேறும் குடும்பம் ஒன்றின் கதை. என்னைப் புரொடக்‌ஷன் டிசைனராக, அதாவது படத்தில் வீடும் பொருளும் நிறமும் எப்படித் தெரிய வேண்டும் என்று பார்த்துக்கொள்பவராக, இருக்கச் சொல்கிறார்கள். கலைச் செலவுக்கு மொத்தம் ஒன்றரை லட்சம் ரூபாய். எனக்குச் சம்பளம் என்று எதுவும் பேசவில்லை. வீடு எங்கள் சித்தியின் பழைய ஓட்டு வீடு, வீரவநல்லூரிலேயே இருக்கிறது. 'கிராமத்து வீடு அப்படியே இருக்கிறது, உனக்கு இதில் பெரிய வேலை இல்லை' என்று இயக்குநரே சிரிக்கிறார். ஒளிப்பதிவாளர் சுவரெல்லாம் நீலமாக வேண்டும் என்கிறார். நான் உண்மையில் என்ன செய்ய வேண்டும்? முறையாகப் படிக்காமல் இறங்கலாமா?"

பதில்:

தம்பி, கதை நடப்பது திசையன்விளைப் பக்கம் என்கிறீர்கள். வீடு வீரவநல்லூரில் என்கிறீர்கள். இரண்டையும் நாலு வரிக்குள் எழுதிவிட்டு, எனக்கு என்ன வேலை என்றும் கேட்கிறீர்கள். உங்கள் வேலை அந்த இரண்டு ஊருக்கும் நடுவில்தான் கிடக்கிறது.

வீரவநல்லூர் கன்னடியன் கால்வாய் பாயும் ஊர். அங்கே பழைய வீட்டுச் சுவரின் அடியில் ஈரம் ஏறி, ஒரு சாண் உயரத்துக்குப் பாசி பிடித்துக் கருத்திருக்கும். தேரி ஓரத்து வீட்டில் அதே ஒரு சாண் செக்கச் சிவந்திருக்கும். இரும்பு ஏறிய மணல் அது. ஆனி ஆடிக் காற்றில் பறந்து வந்து ஒட்டும். மழை பெய்தால் தெறித்து ஒட்டும். வேட்டிக் கரை, பிள்ளைகளின் குதிகால், வெள்ளாட்டின் வயிறு என்று எதையும் விட்டுவைக்காது. படம் பார்ப்பவர் 'இது ஆற்றுப் பாசன வீடு' என்று எழுந்து நின்று சொல்லப்போவதில்லை. ஆனால் வெளியே பார்த்த ஊரும் உள்ளே பார்த்த வீடும் ஒட்டாமல் ஏதோ உறுத்தும். உறுத்தல் எங்கிருந்து வருகிறது என்று தெரியாததால் நடிப்பு சரியில்லை என்று சொல்லிவிட்டுப் போவார். நடிகர் பாவம்.

ஆகவே சித்தியிடம் கேட்டுக்கொண்டு, படத்தில் விழப்போகிற சுவர்களில் மட்டும் பாசியைச் சுரண்டுங்கள். செம்மண்ணைக் கரைத்து, காவிப் பொடியும் கைப்பிடிச் சுண்ணாம்பும் சேர்த்து, ஒரு பழைய வாரியலை (விளக்குமாற்றை) அதில் முக்கி அடிச்சுவரில் உதறுங்கள். பிரஷ்ஷைத் தொடாதீர்கள். பெயின்ட் கடைக்காரரின் கை தானாகப் பிரஷ்ஷுக்குப் போகும். பிரஷ் நேராகக் கோடு போடும், மழைக்கு அந்தப் பழக்கம் கிடையாது. தாழ்வாரத்து ஓட்டு நுனியிலிருந்து தண்ணீர் சொட்டுகிற இடத்தில் தெறிப்பு உயரமாகவும், திண்ணைக்குக் கீழே மறைவான இடத்தில் கொஞ்சமாகவும் இருக்கட்டும். நிஜத் தேரி மணலையே வண்டியில் அள்ளி வரலாம் என்று கிளம்பிவிட வேண்டாம். அந்தக் காட்டில் பெரும்பகுதி வனத்துறையிடம் இருக்கிறது. படம் தொடங்கும் முன்பே வழக்கோடு அலைய வேண்டியிருக்கும்.

இன்னொன்று. உங்கள் ஊர் நெசவு ஊர். சித்தி வீட்டில் எப்போதாவது குழித்தறி இருந்ததா? இருந்திருந்தால், குழியை மூடிப் பூசிய இடம் தரையில் வேறு நிறத்தில் நீள்சதுரமாகத் தெரியும். பனையேறி வீட்டில் தறிக்குழிக்கு வேலை இல்லை. அதன்மேல் ஒரு பாயை விரியுங்கள். பாய் என்றதும் பக்கத்தில்தானே இருக்கிறது என்று பத்தமடைக்குப் போய்விடாதீர்கள். கோரைப் பாய் கல்யாணச் சீரில் வந்து பரணில் சுருட்டி வைத்திருக்கலாம்; தினமும் படுப்பது பனையோலைப் பாயில்தான். ஓலைப் பாய் ஓரம் பிய்ந்தால் பிய்ந்த இடத்தில் மறுபடி முடைந்திருப்பார்கள். அந்த ஒட்டு ஓலை மட்டும் வெளுப்பாக இருக்கும். இப்படி ஒரு பாய் கிடைத்தால் அதை விட்டுவிடாதீர்கள்.

நீங்கள் வீட்டின் படம் அனுப்பவில்லை, இருந்தாலும் ஊகித்துச் சொல்கிறேன். முன்பக்கம் உயரத் திண்ணையும் மரத்தூணும் உள்ள வீடாக இருந்தால் முன்வாசலை மறந்துவிடுங்கள். அது இந்தக் குடும்பத்துக்குக் கட்டுப்படியாகாத வாசல். அடுக்களையையும் தொழுவையும் பின்வாசலையும் மட்டும் எடுத்துக்கொண்டு, பின்வாசலையே அந்த வீட்டின் தலைவாசல் ஆக்குங்கள். வெளிப்புறக் காட்சிகளை நிஜமாகத் தேரி ஓரத்தில்தான் எடுப்பார்கள் என்று நினைக்கிறேன். அப்படியானால் ஒரு பழைய ஒற்றைக் கதவை நிலையோடு விலைக்கு வாங்குங்கள். அங்கே வெளியிலிருந்து எடுக்கும்போது அதே கதவு, இங்கே உள்ளிருந்து எடுக்கும்போதும் அதே கதவு. ஐம்பது கிலோமீட்டருக்கு மேல் தள்ளியிருக்கும் இரண்டு வீட்டையும் அந்தக் கதவு ஒன்றாக்கிவிடும். உள்ளே எடுக்கும் நாளில் வாசலுக்கு வெளியே நாலு பாய் அகலத்துக்குச் செம்மண்ணைக் கொட்டிப் பரப்புங்கள். அந்த மண் படத்தில் விழாவிட்டாலும் பரவாயில்லை. வெயில் அதில் பட்டு எழும்பி, வாசற்படியில் உட்கார்ந்திருப்பவளின் கன்னத்துக்கு அடியில் ஒரு செம்மையை ஏற்றும். உங்கள் ஒளிப்பதிவாளர் அன்றைக்கு உங்களைக் கட்டிப்பிடித்துக்கொள்வார்.

இனி உங்கள் இயக்குநருக்கு வருகிறேன். "அப்படியே இருக்கிறது" என்று நானும் சொல்லித் திரிந்தவன்தான். பல வருடங்களுக்கு முன்பு நாங்குநேரிப் பக்கம் ஒரு வீட்டில் வேலை செய்தோம். அடுக்களைச் சுவருக்குப் புதிதாக வெள்ளை அடித்திருந்தார்கள். கதைக்குப் புகை படிந்த சுவர் வேண்டும். கறுப்பு வண்ணத்தைத் தண்ணீராக்கி, அடுப்புக்கு நேர் மேலே தெளித்துப் பஞ்சால் ஒற்றி, இரண்டு மணி நேரத்தில் பிரமாதமாக ஒரு கறையை உண்டாக்கினேன். வீட்டுக்காரப் பாட்டி வந்து இடுப்பில் கைவைத்துப் பார்த்தாள்.

"எய்யா, உங்கள் புகைக்குக் காற்று கிடையாதா?" என்றாள்.

புரியவில்லை. அவள் என் கையைப் பிடித்து அடுப்பு முன் உட்காரவைத்தாள். மேற்கே ஒரு சின்ன ஜன்னல். ஆண்டில் பாதி நாள் அங்கிருந்து காற்று வரும். நாற்பது வருடப் புகை அந்த வீட்டில் ஒரு நாளும் நேராக ஏறியதில்லை. கிழக்கே சாய்ந்து, உறி தொங்கும் மூலையில் போய்த் தங்கி, அங்கிருந்து ஓட்டுக்குள் ஏறும். வெள்ளை அடித்த பிறகும் உத்தரத்தில் அந்தத் தடம் இருந்தது, நான்தான் அண்ணாந்து பார்க்கவில்லை. இன்னொன்றும் காட்டினாள். அடுப்புக்கு இடப்பக்கச் சுவரில் இடுப்பு உயரத்தில் ஒரு வழுவழுப்பு. குனிந்து ஊதிவிட்டு எழுந்திருக்கும்போது கை ஊன்றுகிற இடம். வெள்ளையையும் மீறி எண்ணெய் இறங்கி மினுங்கியது. என் கறையைத் துடைத்தோம். படப்பிடிப்புக்கு இன்னும் ஆறு நாள் இருந்தது. பாட்டி மூன்று நாள் பச்சை மட்டையையும் தேங்காய் மட்டையையும் போட்டு எரித்துச் சமைத்தாள், குழுவுக்கே சோறு ஆயிற்று, சுவரும் ஆயிற்று. அந்தப் படத்தில் நான் செய்ததிலேயே நல்ல வேலை அது, அதை நான் செய்யவில்லை.

ஆக இயக்குநர் சொல்வதுபோல வீடு அப்படியே இருக்கலாம். ஆனால் அது உங்கள் சித்தி வாழ்ந்த வீடாக இருக்கிறது. கதையில் வரும் பெண் எந்தக் கையால் கதவைத் தள்ளுவாள், விளக்கை எங்கே வைப்பாள், புருஷன் மரத்திலிருந்து இறங்கி வந்ததும் அரிவாளை எங்கே செருகுவான் என்று சித்தி வீட்டுக்குத் தெரியாது. கதையைக் காட்சி காட்சியாகப் பிரித்து எழுதும்போது எல்லாரும் பொருட்களின் பட்டியல் போடுவார்கள். நீங்கள் அதோடு ஒரு பத்தி சேர்த்துக்கொள்ளுங்கள்: இந்தப் பொருளை யார் தொடுகிறார்கள், எத்தனை வருடமாகத் தொடுகிறார்கள்.

கலயத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். காருகுறிச்சி உங்களுக்குப் பக்கம், மண்கலயம் சுலபமாகக் கிடைக்கும். சூளையிலிருந்து வந்த கலயம் பளிச்சென்று செம்மஞ்சளாக இருக்கும். பனையில் ஏறி இறங்கிய கலயம் அப்படி இருக்காது. பதநீர் புளித்துக் கள்ளாகிவிடாமல் இருக்க உள்ளே சுண்ணாம்பு தடவுவார்கள். தடவித் தடவி உட்பக்கம் ஓடுபோல வெள்ளை கட்டியிருக்கும். கழுத்தில் நார் உரசிய இடம் தேய்ந்து கறுத்திருக்கும். ஒரு வாரம் தினமும் சுண்ணாம்பு தடவிக் காயவைத்துச் சுரண்டி, மறுபடி தடவினால் ஓரளவு வரும். அதைவிட நல்ல வழி, பனையேறுகிறவர் ஒருவரிடம் பழைய கலயம் நாலைக் கேட்டு வாங்கி, பதிலுக்குப் புதுக் கலயம் எட்டு கொடுப்பது. அரிவாள்பெட்டி, மரமேறும்போது காலில் மாட்டும் தளைநார் எல்லாமே இப்படித்தான். அவர் வருவார் என்றால் படப்பிடிப்பில் கூடவே வைத்துக்கொண்டு நாள் கூலி கொடுங்கள். தளைநாரை நடிகர் எந்தத் தோளில் போட்டுக்கொண்டு நடக்க வேண்டும் என்பதை அவர்தான் சொல்ல முடியும். ஓலைக் கொட்டகையில் பதநீர் காய்ச்சும் காட்சி இருந்தால் தேங்காய்ச் சிரட்டைகளை மறக்காதீர்கள். கருப்பட்டியின் வடிவமே சிரட்டை தருவதுதான். படப்பிடிப்பு மாதத்தை நீங்கள் எழுதவில்லை. பதநீர் இறங்குவது ஏறக்குறைய பங்குனியிலிருந்து ஆடி வரை. கார்த்திகையில் தேதி குறித்திருந்தால் மரத்தில் ஒரு கலயமும் தொங்காது. இதைச் சொல்ல வேண்டியதும் உங்கள் பொறுப்பே.

1994 பற்றி. பழைய காலம் என்றதும் பித்தளையைத் தேடி ஓடுகிற ஒரு வியாதி நம் துறையில் உண்டு. தவலை, குத்துவிளக்கு, செப்புக் குடம் என்று லாரியில் வந்து இறங்கும். முப்பது வருடத்துக்கு முன்பு தேரி ஓரத்து ஏழை வீட்டில் பித்தளை இருந்திருந்தால் அது அடகுக் கடையில் இருந்திருக்கும். அலுமினியச் சட்டி, பிளாஸ்டிக் குடம், நைலான் கயிறு எல்லாம் அன்றே வந்துவிட்டன. பிளாஸ்டிக் குடத்தைத் தூக்கி ஒளித்துவைக்காதீர்கள். வெளுத்து, வாய் ஓரம் உருகி ஒட்டவைத்த குடமாகப் பாருங்கள். எடுக்க வேண்டியவை வேறு: எல்.இ.டி. பல்பு, டிஷ், டிஜிட்டல் மின்மீட்டர், ஃபிளெக்ஸ் பலகை. ஃபிளெக்ஸ் இல்லாத காலம் அது. கடைப் பெயரெல்லாம் கையால் எழுதியவை.

எழுத்தில் இன்னும் கவனம் வேண்டும். 1994-இல் இது திருநெல்வேலி மாவட்டம் இல்லை. நெல்லை கட்டபொம்மன் மாவட்டம். 1986-இல் தூத்துக்குடி பிரிந்தபோது வந்த பெயர், 1997-இல் தலைவர்கள் பெயர்களை எடுத்தபோது போனது. ஓடிய அரசு பஸ்ஸும் கட்டபொம்மன் போக்குவரத்துக் கழகத்துப் பஸ். பெயர்ப் பலகை, மனு, ரேஷன் அட்டை எதில் எழுதினாலும் இது வர வேண்டும். எழுத்துச் சீர்திருத்தம் 1978-இல் வந்தது. அதற்கு முன் எழுதி அழியாமல் நிற்கும் ஒரு பலகை ஊரில் இருக்கலாம். அதில் 'நெல்லை' யானைத் துதிக்கை போல் வளைந்த பழைய 'லை'யோடு இருக்கும். வீட்டில் கடிதம் எழுதும் கிழவர் யாராவது இருந்தால் அவர் கையும் அந்தத் துதிக்கையைத்தான் போடும். தினசரிக் காலண்டரில் எல்லாரும் மாட்டிக்கொள்வார்கள். 2022 காலண்டரின் தேதியும் கிழமையும் 1994-க்கு அப்படியே பொருந்தும் என்று யாராவது யோசனை சொல்வார்கள். பொருந்தும், ஆனால் சித்திரைக்குப் பிறகு அந்தத் தாள் தமிழ் ஆண்டை 'சுபகிருது' என்று காட்டிக்கொடுத்துவிடும். உங்களுக்கு வேண்டியது 'பவ'. அச்சகத்தில் புதிதாக நாலு தாள் அடித்துக்கொள்ளுங்கள், காட்சிக்குக் காட்சி நாள் மாறும் என்பதையும் பட்டியலில் எழுதிவையுங்கள்.

பணம். ஒன்றரை லட்சத்தை என் கையில் கொடுத்திருந்தால் நாற்பதாயிரத்தைப் பொருட்களுக்கும் வாடகைக்கும், முப்பதைச் சுவருக்கும் கதவுக்கும், இருபத்தைந்தை வண்டிக்கும், முப்பதை இரண்டு உதவியாளரின் கூலிக்கும் சாப்பாட்டுக்கும் ஒதுக்குவேன். பதினைந்தாயிரத்தைத் தனியாகக் கட்டி வைப்பேன். அது படப்பிடிப்பு முடிந்த பிறகு வீட்டைப் பழையபடி ஆக்கித் திருப்பிக் கொடுக்க. இதை யாரும் ஒதுக்குவதில்லை. மீதிப் பத்தாயிரத்தை இருப்பதாகவே யாரிடமும் சொல்ல வேண்டாம்.

அந்தப் பதினைந்தாயிரத்தை நான் சும்மா சொல்லவில்லை. ஒரு படத்தில், வீட்டுக்காரம்மாள் சுவரில் மாட்டியிருந்த தன் கணவரின் படத்தை எங்களை நம்பிக் கழற்றித் தந்தார். அந்த ஆணியில் வேறொருவர் படத்தை மாட்ட வேண்டியிருந்தது. கழற்றிய படத்தை அரிசி மூட்டைமேல் யாரோ வைத்தார்கள், யாரோ விளக்கு ஸ்டாண்டைச் சாய்த்தார்கள், கண்ணாடி உடைந்தது. தயாரிப்புத் தரப்பு 'கண்ணாடிதானே' என்றது. அந்த அம்மாள் எதுவும் பேசவில்லை. மறுநாள் காலையில் வாசலைத் திறக்கவில்லை, அவ்வளவுதான். மீதி நாலு காட்சியை வேறு வீட்டில் ஒப்பேற்றினோம். இன்றைக்கும் பார்த்தால் தெரிகிறது. அதிலிருந்து ஒரு நாற்பது பக்க நோட்டு வைத்திருக்கிறேன். எந்த வீட்டில் எந்தப் பொருள் வாங்கினோம், எந்த நிலையில் வாங்கினோம், யார் கையெழுத்து, எந்தத் தேதியில் திரும்பியது. ஒவ்வொரு அறையையும் ஒரு சாமானை நகர்த்துவதற்கு முன்பே நாலு மூலையிலிருந்தும் போனில் படம் எடுத்துக்கொள்கிறேன். நீங்கள் சொந்தச் சித்தி வீடு என்று அசட்டையாக இருப்பீர்கள். சொந்தம் என்றால் இன்னும் இரண்டு பக்கம் கூடுதலாக எழுதுங்கள்.

சம்பளம் பேசாததைப் பெருந்தன்மை என்று நினைத்துக்கொள்ளாதீர்கள். நண்பர்கள்தான், ஆனாலும் எத்தனை நாள், போக்குவரத்தும் சாப்பாடும் யார் செலவு, படம் விற்றால் உங்களுக்கு என்ன என்று ஒரு தாளில் எழுதி வாங்குங்கள். கடையில் விடுப்பு எடுத்தால் போகிற சம்பளத்தையாவது கேளுங்கள். பொருள் வாங்கச் சொந்தப் பணத்தை ஒரு ரூபாய்கூட எடுக்காதீர்கள், திரும்பி வராது.

பட்டப்பெயரைப் பற்றி ஒரு வார்த்தை. புரொடக்‌ஷன் டிசைனர் என்ற பெயர் 1939-இல் 'கான் வித் தி விண்ட்' என்ற ஹாலிவுட் படத்துக்காக வில்லியம் கேமரூன் மென்சீஸுக்குக் கொடுக்கப்பட்டது. அந்தப் படம் முழுவதும் என்ன நிறத்தில், என்ன வடிவில் தெரிய வேண்டும் என்று அவர் வரைந்து தள்ளியதற்கான மரியாதை. ஐந்து பேர் எடுக்கும் படத்தில் நீங்களே வடிவமைப்பாளர், நீங்களே கலை இயக்குநர், செட் உதவியாளர், காலையில் வாசல் பெருக்குகிறவரும் நீங்களே. என்ன பெயர் போட்டாலும் வாங்கிக்கொள்ளுங்கள்.

படிப்பு? புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கென்றே பாடப்பிரிவு உண்டு. சென்னை கவின்கலைக் கல்லூரி 1850-இலிருந்து இருக்கிறது. நம் துறைக்கு அங்கிருந்து வந்தவர்கள் அதிகம். போக முடிந்தால் போங்கள். இந்தப் படத்தை அதற்காகத் தள்ளிப்போட வேண்டாம். சிவில் படித்திருக்கிறீர்கள், அளந்து தரைப்படம் போடத் தெரியும். அது எனக்கு வர மூன்று வருடம் ஆயிற்று. சித்தி வீட்டை இந்த ஞாயிற்றுக்கிழமையே அளந்து, ஜன்னல் எந்தத் திசை, வெயில் எந்த நேரம் எங்கே விழுகிறது என்று குறித்து ஒளிப்பதிவாளரிடம் கொடுங்கள்.

அவரோடு உட்கார்ந்து பேசுவதுதான் உங்கள் பாதி வேலை. 1956-இல் வந்த சத்யஜித் ராயின் 'அபராஜிதோ'வில் காசி வீட்டு முற்றத்தைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் கட்டினார் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா. அதன் மேலே வெள்ளைத் துணியை விரித்துக் கட்டி, விளக்கை அதில் அடித்துத் திருப்பி, வானத்து வெளிச்சம் முற்றத்தில் இறங்குவதுபோலச் செய்தார் ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா. இரண்டு பேரும் தனித்தனியாக யோசித்திருந்தால் அந்த முற்றம் ஸ்டுடியோ முற்றமாகவே தெரிந்திருக்கும்.

அதனால் அவர் நீலம் கேட்டால் முகத்தைச் சுளிக்காமல் ஏன் என்று கேளுங்கள். எங்கோ பார்த்த படத்தின் நினைவில் கேட்கிறாரா, அல்லது வெள்ளைச் சுவர் முன் கறுத்த முகங்கள் இன்னும் இருண்டுவிடும் என்று பயந்து கேட்கிறாரா? இரண்டாவது என்றால் அவர் பயம் நியாயமானது. அதற்கு நீலம்தான் வேண்டும் என்றில்லை, வெள்ளையின் பளபளப்பைக் குறைத்தால் போதும். சுண்ணாம்பில் துளி காவியும் துளி அடுப்புக் கரியும் சேர்த்தால் வெள்ளை அடங்கிவிடும். நீலம் அந்த வீட்டுக்கு அந்நியமும் இல்லை. பொங்கலுக்கு வெள்ளை அடிக்கும்போது சுண்ணாம்பில் கொஞ்சம் நீலம் கலக்கும் வீடுகள் நம் பக்கம் ஏராளம். எல்லாச் சுவரும் என்பதை ஒரு சுவராகக் குறைக்கப் பாருங்கள். அது யார் படுக்கும் சுவர் என்று இயக்குநர் சொல்லட்டும். கடையில் விற்கும் எமல்ஷன் பெயின்டை எடுக்காதீர்கள், அது உரியும்போது தோலாக உரியும். சுண்ணாம்பு பொடியாக உதிர்ந்து, சாய்ந்தவன் முதுகில் ஒட்டும். முதலில் தொழுவுச் சுவரில் ஒரு முழம் அடித்துப் பாருங்கள். ஈரத்தில் பார்த்து முடிவு செய்ய வேண்டாம். ஈரச் சுண்ணாம்பு கறுப்பாக இருந்து பயமுறுத்தும், இரண்டு நாள் காய்ந்தால் பாதி நிறம் ஓடிவிடும். காய்ந்த பிறகு காலை ஏழு மணிக்கு ஒரு தடவை, மாலை நாலு மணிக்கு ஒரு தடவை, கதாநாயகியை அதன் முன் நிறுத்தி, எந்தக் கேமராவில் எடுக்கப்போகிறீர்களோ அதிலேயே பாருங்கள்.